கப்பல் ஏறிய 30 ரூபாய் குமாஸ்தா

1914ஆம் ஆண்டு மார்ச் 14ந் தேதி, கணித மேதை ராமானுஜம் தாயாரையும் மனைவியையும் கும்பகோணத்துக்கு ரெயில் ஏற்றி அனுப்பினார். இன்னும் மூன்று நாளில் அவர் சீமைக்குக் கப்பல் ஏற வேண்டும். வழியனுப்ப வேண்டியவர்களை முன்னதாகவே ஊருக்கு அனுப்பியதற்குக் காரணம் உண்டு. அவர் குடுமியை எடுத்துவிட்டு வெள்ளைக்காரர் உடுப்பு மாட்டப் போகிறார். அந்தக் கோலத்தை அவர்கள் பார்க்க வேண்டாம் என்று நினைத்தார்.

அப்போது அவருக்கு வயது 26. ஈரோட்டில் பிறந்து கும்பகோணத்தில் வளர்ந்தவர். தந்தை ஜவுளிக்கடைக் குமாஸ்தா. கணக்கைத் தவிர மற்றப் பாடங்களில் மனம் செல்லாததால் ராமானுஜம் எப்.ஏ. பரீட்சையில் தேறவில்லை. பட்டம் இல்லாதவருக்கு யார் வேலை கொடுப்பார்கள்? நோட்டுப் புத்தகமும் கையுமாகப் பெரிய மனிதர்களின் வீட்டுப் படி ஏறி இறங்கினார். 1912 மார்ச் 1ந் தேதி சென்னை போர்ட் டிரஸ்டில் கணக்குப் பிரிவில் குமாஸ்தாவாகச் சேர்ந்தார். சம்பளம் மாதம் 30 ரூபாய்.

1913 ஜனவரியில் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஹார்டிக்குத் தம் கணிதத் தேற்றங்களை எழுதி அனுப்பினார். ஹார்டி பார்த்ததுமே ஆளை நேரில் வரவழைக்க விரும்பினார். ராமானுஜம் மறுத்துவிட்டார். ஆசாரமான வைணவக் குடும்பம். கடல் தாண்டினால் ஜாதிக்கு ஆகாது. தாயார் கோமளத்தம்மாள் சம்மதிக்கவே இல்லை. இதற்கிடையே சென்னைப் பல்கலைக்கழகம் மாதம் 75 ரூபாய் உதவித்தொகை கொடுத்தது. உள்ளூரிலேயே இருந்துவிட அது போதுமான காரணம்.

தடை எப்படி நீங்கியது என்பதை இரண்டு விதமாகச் சொல்வார்கள். மேலதிகாரி நாராயண அய்யருடன் நாமக்கல் சென்று, நாமகிரித் தாயார் சன்னதியில் மூன்று இரவு தங்கி உத்தரவு பெற்றார் என்பது ஒன்று. தாயாரின் கனவில் நாமகிரித் தாயாரே வந்து, மகனைத் தடுக்காதே என்று கட்டளையிட்டாள் என்பது மற்றொன்று. எப்படியோ, 1914 ஜனவரியில் கேம்பிரிட்ஜிலிருந்து சென்னை வந்த நெவில் பேசிப் பார்த்தபோது, வரச் சம்மதம் என்றார் ராமானுஜம்.

ஆனால் கவலைகள் போகவில்லை. மாமிசம் தொடாதவர் அங்கே எதைச் சாப்பிடுவது? தம் ஆங்கிலம் அங்கே போதுமா? மறுபடியும் பரீட்சை எழுதச் சொல்வார்களோ? ஏற்கெனவே சூடு கண்டவரல்லவா! பரீட்சை எதுவும் கிடையாது என்று நெவில் உறுதி கூறினார். பல்கலைக்கழகம் ஆண்டுக்கு 250 பவுனும் கப்பல் செலவும் தர முன்வந்தது. அந்தத் தொகையில் மாதம் 60 ரூபாய் கும்பகோணத்துக்குப் போக ராமானுஜம் ஏற்பாடு செய்துகொண்டார். மாதாமாதம் மணியார்டர் அனுப்பியவர்களுக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

போர்ட் டிரஸ்ட் லீவு கொடுத்தது. முள்கரண்டியும் கத்தியும் பிடிக்கப் பழகினார். மார்ச் 17ந் தேதி 'நெவாசா' கப்பலில் புறப்பட்டு ஏப்ரல் 14ந் தேதி லண்டன் சேர்ந்தார்.

எவ்வளவு பழகி என்ன? குளிர்காலத்தில் அவருடைய அறைக்குச் சென்ற மகலநோபிஸ், படுக்கையைப் பார்த்துத் திகைத்தார். மெத்தையோடு சேர்த்துச் செருகியிருந்த கம்பளிகளுக்கு மேலேயே, ஓவர்கோட்டும் சால்வையுமாக ராமானுஜம் படுத்து வந்திருக்கிறார். கம்பளியை இழுத்து அதற்குள் படுக்க வேண்டும் என்பதை யாருமே சொல்லித் தரவில்லை!

போன சில மாதங்களிலேயே உலகப் போரும் மூண்டது. தாமே சமைத்துச் சாப்பிட்ட அவர், கொட்டை எடுத்த புளியும் நல்ல தேங்காய் எண்ணெயும் பார்சலில் அனுப்பும்படி சென்னை நண்பருக்கு எழுதினார்.

1918ல் ராயல் சொசைட்டி உறுப்பினர் என்ற பெருமை கிடைத்தது. உடல்நலம் அதற்குள் கெட்டுவிட்டது. ஊர் திரும்பும் முன், 1919 ஜனவரியில் பல்கலைக்கழகத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். தமக்குத் தரவிருந்த தொகையில் குடும்பத்துக்கும் தம் செலவுக்கும் போக மிஞ்சுவதை ஏழைப் பிள்ளைகளின் படிப்புக்குச் செலவிட வேண்டும் என்பது அவர் வேண்டுகோள்.

மார்ச் 27ந் தேதி பம்பாய்த் துறைமுகத்தில் இறங்கினார். தாயாரும் தம்பியும் காத்திருந்தனர். அடுத்த ஆண்டு, 1920 ஏப்ரல் 26ந் தேதி, சென்னை சேத்துப்பட்டில் காலமானார். வயது 32. படுத்த படுக்கையிலும் சிலேட்டை வைத்துக் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தார். அவர் எழுதிய தாள்களை மனைவி ஜானகி ஒரு பெட்டியில் சேர்த்து வைத்தார்.