பூக்காரர் மகன் படித்த அமெரிக்கா



டிப்ளமோ படிக்கிற நமக்கு வரலாறு எதுக்கு என்று கேட்பவர்கள் நம்ம ஹாஸ்டலிலேயே நிறைய பேர். பத்தாம் வகுப்போடு அந்தப் பாடத்தை மூட்டை கட்டியாச்சு. இப்போ நமக்குத் தெரிந்த புத்தகமெல்லாம் சர்வே, மெஷின் டிராயிங், பழைய கேள்வித்தாள் தொகுப்பு, அவ்வளவுதான். அதற்கு மேலே ஓசூர் சிப்காட்டில் ஒரு அப்ரண்டிஸ் இடம் கிடைச்சா போதும் என்று வீட்டில் காத்திருக்கிறார்கள். அதைத் தப்பு என்று சொல்ல மாட்டேன். எங்க வீட்டிலும் அப்படித்தான். எங்கள் குடும்பத்தில் பத்தாவதைத் தாண்டிய முதல் ஆள் நான்.

ஆனாலும் இந்த வருஷம் நூலகத்தில் ஜார்ஜ் வாஷிங்டன், தாமஸ் பெயின், ஆபிரகாம் லிங்கன் ஆகியோரின் வாழ்க்கை வரலாறுகளை ஒன்றன்பின் ஒன்றாக எடுத்துப் படித்தேன். அதைத் தொடர்ந்து படித்த ஒரு புத்தகத்தில்தான் ஜோதிராவ் புலேயைச் சந்தித்தேன். நூற்றெழுபது வருஷத்துக்கு முன்னால் புனே நகரத்தில் ஒரு பூக்காரர் வீட்டுப் பையன், வாஷிங்டனையும் பெயினையும் படித்துவிட்டு, படித்ததைச் சும்மா விடாமல் தன் தெருவோடு ஒப்பிட்டுப் பார்த்தான். அந்தப் பையனின் கதையைத்தான் இங்கே எழுதுகிறேன்.

ஜோதிராவ் பிறந்தது 1827 ஏப்ரல் 11-ல். மாலி என்ற தோட்டக்கார சாதி. அவருடைய முன்னோர் பேஷ்வா அரண்மனைக்குப் பூ கொடுத்து வந்தார்கள். பூவுக்கு மராத்தியில் ‘பூல்’ என்று பெயர். அதனால்தான் குடும்பப் பெயரே புலே ஆனது. ஓசூர்ப் பக்கம் ரோஜாத் தோட்டத்தில் விடியற்காலை மூணு மணிக்குப் பூப்பறிக்கப் போகிற வீடுகளை நமக்குத் தெரியும். அப்படி ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள். குழந்தைக்கு ஒரு வயசு முடிவதற்குள் தாய் சிம்னாபாய் இறந்துவிட்டார்.

பையனை ஆரம்பப் பள்ளியில் சேர்த்தார் அப்பா கோவிந்தராவ். ஆனால் கொஞ்ச நாளில் நிறுத்திவிட்டார். தோட்டக்காரன் மகனுக்குப் படிப்பு எதுக்கு, படிச்சா மண்வெட்டி பிடிப்பானா என்ற பேச்சு அந்தக் காலத்தில் சாதாரணம் (இந்தக் காலத்திலும் சில வீட்டில் கேட்கிறது, விடுங்கள்). பையன் வயலுக்குப் போனான். பதிமூணு வயசில் கல்யாணமும் ஆயிற்று. பெண் சாவித்திரிபாய்க்கு ஒன்பது வயசு.

அத்தோடு கதை முடிந்திருக்க வேண்டியது. முடியாமல் காப்பாற்றியவர்கள் பக்கத்து வீட்டுக்காரர்கள் இரண்டு பேர். ஒருவர் கஃபார் பேக் என்ற முன்ஷி, முஸ்லிம். இன்னொருவர் லிஜிட் என்ற வெள்ளைக்காரக் கிறிஸ்தவர். பகலெல்லாம் வயலில் வேலை செய்துவிட்டு ராத்திரி விளக்கடியில் படிக்கிற பையனைப் பார்த்து, இவனைப் படிக்க வையுங்க என்று அப்பாவிடம் பேசி மனசை மாற்றினார்கள். 1841-ல் ஸ்காட்டிஷ் மிஷன் உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்து 1847-ல் படிப்பை முடித்தார். முதல் தலைமுறையாகப் படிக்கிற நம்மில் எத்தனை பேருக்கு இப்படி ஒரு பக்கத்து வீட்டுக்காரரோ வாத்தியாரோ இருந்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

பள்ளியில் சதாசிவ் கோவண்டே என்ற பிராமண நண்பர் கிடைத்தார். இருவரும் சேர்ந்து சிவாஜியின் வரலாறும் ஜார்ஜ் வாஷிங்டனின் வரலாறும் படித்தார்கள். வாஷிங்டன் யார்? வர்ஜீனியாவில் இளம் வயசில் சர்வேயராகச் சங்கிலி பிடித்து நிலம் அளந்தவர். பிறகு 1775 முதல் படைத் தலைவராக நின்று இங்கிலாந்து ராஜாவின் படையைத் தோற்கடித்தவர். 1789-ல் முதல் ஜனாதிபதி. எட்டு வருஷம் ஆண்டுவிட்டு, நாற்காலியை விட்டுப் பண்ணைக்குத் திரும்பியவர். வெள்ளைக்காரன் ஆளும் நாட்டில் இதைப் படிக்கிற வாலிபனுக்கு ரத்தம் கொதிக்காதா? லகுஜி என்ற வஸ்தாத்திடம் சிலம்பம், குறி பார்ப்பது எல்லாம் கற்றுக்கொண்டார் புலே. ஆங்கில ஆட்சியைத் தூக்கி எறியும் கனவு அந்த வயசில் தனக்கும் இருந்ததாகப் பிற்காலத்தில் அவரே எழுதியிருக்கிறார்.

1847-ல் கைக்கு வந்த இன்னொரு புத்தகம் அந்தக் கனவைத் திசை திருப்பியது. தாமஸ் பெயின் எழுதிய ‘மனித உரிமைகள்’. பெயின் இங்கிலாந்தில் பெண்களின் உள்கச்சை தைக்கும் தொழிலாளியின் மகன், தானும் அதே தொழிலைச் செய்தவர். 1774-ல் பிழைப்புத் தேடி அமெரிக்கா போனார். 1776-ல் அவர் எழுதிய சின்னப் புத்தகம் ஒன்று அங்கே சுதந்திரத் தீயைப் பற்ற வைத்தது. பிறப்பால் ஒருத்தன் இன்னொருத்தன் மேல் ஏறி உட்கார முடியாது என்பதுதான் அவர் வாதத்தின் சாரம். அவர் அதை ராஜாக்களுக்கும் பிரபுக்களுக்கும் எதிராக எழுதினார். புனேயில் படித்த மாலிப் பையனுக்கு ராஜா எங்கோ தூரத்தில் இருந்தார். பிறப்பால் மேலே உட்கார்ந்தவர்கள் பக்கத்துத் தெருவிலேயே இருந்தார்கள்.

அது எவ்வளவு பக்கம் என்பது 1848-ல் தெரிந்தது. பிராமண நண்பர் ஒருவரின் கல்யாணத்துக்கு அழைப்பு வந்தது. ஊர்வலத்தில் நடந்துபோன புலேயை உறவினர்கள் அடையாளம் கண்டுவிட்டார்கள். மாலிக்கு எங்களோடு சமமாக நடக்க என்ன தைரியம் என்று எல்லார் முன்னாலும் திட்டித் துரத்தினார்கள். அழைத்தவன் நண்பன், துரத்தியது சாதி. வெள்ளைக்காரன் போனாலும் இது போகாதே என்ற கேள்வி அவருக்கு அப்போதுதான் பலமாக எழுந்திருக்க வேண்டும்.

அதே 1848-ல் அவர் அகமத்நகர் போனார். அங்கே அமெரிக்க மிஷனைச் சேர்ந்த சிந்தியா ஃபேரர் என்ற அம்மையார் பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்திக்கொண்டிருந்தார். அதைப் பார்த்துவிட்டு வந்து புனேயில் பிடே வாடா என்ற வீட்டில் பெண்களுக்கு ஒரு பள்ளி திறந்தார். வாத்தியார்? பெண்களுக்குச் சொல்லிக்கொடுக்க ஆள் கிடைக்காத காலம். அதனால் படிக்காத தன் மனைவிக்கு வீட்டிலேயே எழுத்துச் சொல்லிக்கொடுத்து, அவரையே வகுப்பில் நிறுத்தினார். சாவித்திரிபாய்க்கு அப்போது வயசு 17. நம்மைவிடச் சின்னவர்! அவர் பள்ளிக்கு நடந்துபோகும்போது சாணியையும் சேற்றையும் வீசினார்கள். பையில் மாற்றுப் புடவை ஒன்று வைத்துக்கொண்டு, பள்ளி போய்ச் சேர்ந்ததும் உடுத்திக்கொண்டு பாடம் நடத்தினார். ஊர் அழுத்தம் தாங்காமல் 1849-ல் கோவிந்தராவ் மகனையும் மருமகளையும் வீட்டைவிட்டு அனுப்பினார். அப்போதும் பள்ளி வேலையை அவர்கள் விடவில்லை. மகார், மாங் பிள்ளைகளுக்கும் பள்ளிகள் திறந்தார்கள். 1852-ல் அரசாங்கமே கூப்பிட்டுச் சால்வை போர்த்தியது.

இங்கே அமெரிக்காவை மறுபடியும் கொஞ்சம் பார்க்க வேண்டும். சாவித்திரிபாய் பிறந்தது 1831-ல். அதே வருஷம் வர்ஜீனியாவில், அதாவது வாஷிங்டன் பிறந்த மாநிலத்தில், கறுப்பர்களைக் கூட்டிவைத்து எழுதப் படிக்கச் சொல்லிக்கொடுப்பது சட்டப்படி குற்றம் ஆனது. தெற்கு மாநிலங்கள் பலவற்றில் இதே மாதிரிச் சட்டம். ஆட்களை விலைக்கு வாங்கி வேலை வாங்குகிறவன், துப்பாக்கிக்கு அடுத்தபடியாகப் புத்தகத்துக்குப் பயந்தான். வாஷிங்டன் இறந்தபோது அவருடைய மவுண்ட் வெர்னான் பண்ணையில் 300-க்கும் மேற்பட்ட அடிமைகள் இருந்தார்கள். தன் சொந்த அடிமைகளை விடுவிக்கும்படி உயில் எழுதினார் என்பதும் உண்மை. வாழும்வரை வைத்திருந்தார் என்பதும் உண்மை. பெரிய தலைவரைப் பற்றிப் படிக்கும்போது இந்தப் பக்கங்களைத் தள்ளிவிட்டுப் படிக்கக் கூடாது என்பது என் கருத்து.

1861-ல் அங்கே உள்நாட்டுப் போர் வந்தது. 1863 ஜனவரி 1-ல் லிங்கனின் விடுதலைப் பிரகடனம். 1865-ல் லிங்கன் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே வருஷக் கடைசியில் அரசியல் சட்டத்தின் 13-வது திருத்தம் அடிமை முறையை நாடு முழுவதும் ஒழித்தது.

எட்டு வருஷம் கழித்து, 1873-ல், புலே ‘குலாம்கிரி’ என்ற புத்தகத்தை வெளியிட்டார். அடிமைத்தனம் என்று அர்த்தம். ஜோதிபா, தோண்டிபா என்ற இரண்டு பேர் பேசிக்கொள்வது போல மராத்தியில் எழுதியது. அதை யாருக்குக் காணிக்கை ஆக்கினார் தெரியுமா? ராஜாவுக்கு இல்லை, பணம் கொடுத்த பிரபுவுக்கு இல்லை. கறுப்பு அடிமைகளின் விடுதலைக்காகத் தியாகம் செய்த அமெரிக்க மக்களுக்கு! தன் நாட்டாரும் அவர்களைப் பார்த்து, இங்கே அடிமைப்பட்டுக் கிடக்கும் சூத்திர சகோதரர்களை விடுவிக்க வேண்டும் என்ற ஆசையையும் அதிலேயே எழுதி வைத்தார். இந்த இடத்தைப் படித்தபோது நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். அமெரிக்காவை ஒருநாளும் பார்க்காதவர். ரேடியோவும் கிடையாது. ஏதோ ஒரு நாட்டுப் பருத்திக் காட்டில் சங்கிலியோடு நின்றவனைத் தன் அண்ணன் தம்பி என்று கண்டுகொள்ள அவருக்குக் கிடைத்ததெல்லாம் அச்சடித்த காகிதம் மட்டும்தான்.

அதே வருஷம் செப்டம்பர் 24-ல் சத்திய சோதக் சமாஜத்தை ஆரம்பித்தார். புரோகிதர் இல்லாமல் கல்யாணம் நடத்தினார்கள். நம்ம தமிழ்நாட்டில் சுயமரியாதைத் திருமணத்துக்குச் சட்ட அங்கீகாரம் தந்த சட்டம் நிறைவேறியது 1967-ல் என்பதை நினைத்தால், அவர் எவ்வளவு முந்தி நின்றார் என்று தெரியும். இதற்கு முன்பே, 1868-ல், தன் வீட்டுத் தண்ணீர்த் தொட்டியைத் தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்டவர்களுக்குத் திறந்து விட்டிருந்தார். கைவிடப்பட்ட விதவைகளுக்கு வீட்டிலேயே இடம் கொடுத்து, அப்படி வந்த ஒரு தாயின் மகனான யஷ்வந்தைத் தத்தெடுத்து வளர்த்தார்கள்.

மெக்கானிக்கல், சிவில் நண்பர்களுக்கு ஒரு சேதி. இவர் நம்ம லைன் ஆள்! 1860-களில் வார்ப்படத் தொழிலுக்கான சாமான்களை விற்கும் வியாபாரம் செய்தார். பிறகு காண்ட்ராக்டர் ஆகி, புனே பக்கத்தில் கடக்வாஸ்லா அணை கட்டும்போது கட்டுமானப் பொருள் சப்ளை செய்தார். சைட்டில் நின்று பார்த்ததால்தான் கூலிக்காரர்களை இடையில் உள்ளவர்கள் எப்படி ஏய்க்கிறார்கள் என்று அவரால் விவரமாக எழுத முடிந்தது. 1883-ல் விவசாயிகளைப் பற்றி எழுதிய ‘ஷேத்கர்யாச்சா ஆசூட்’ என்ற நூலில் (உழவனின் சாட்டை என்று சொல்லலாம்) மழைத் தண்ணீர் ஓடிப்போகாமல் மண்ணில் இறங்கும்படி அங்கங்கே சின்னச் சின்ன அணையும் கரையும் கட்டச் சொல்கிறார். அதற்குச் சும்மா இருக்கும் பட்டாளத்துக்காரர்களையும் போலீஸ்காரர்களையும் பயன்படுத்து என்று சர்க்காருக்கு யோசனை வேறு! நெடுங்கல் அணைக்கட்டிலிருந்து பாரூர் ஏரிக்குத் தண்ணி வருமா வராதா என்று வருஷா வருஷம் வானத்தைப் பார்க்கிற நம்ம ஊர்க்காரர்களுக்கு அந்தப் பக்கங்கள் அந்நியமாக இருக்காது.

அவரிடம் எனக்கு ஒத்துவராத விஷயமும் உண்டு. பேஷ்வா ஆட்சிக்கு வெள்ளைக்காரன் ஆட்சியே மேல் என்று அவர் நம்பினார். 1857 எழுச்சி தோற்றதில் அவருக்கு வருத்தமில்லை. அவர் பட்ட அடியை நாம் படவில்லை என்பதால் காரணம் புரிகிறது. ஆனாலும் நம்பிக்கை கொஞ்சம் அதிகம்தான். அமெரிக்காவை நம்பியதும் அப்படித்தான். அவர் காணிக்கை எழுதிய நான்கே வருஷத்தில், 1877-ல், தெற்கிலிருந்த மத்திய அரசின் படை பின்வாங்கியது. அங்கே கறுப்பர்களின் ஓட்டுரிமையை ஒவ்வொரு மாநிலமாகப் பறித்தார்கள். அதற்கு ஒரு வழி, எழுதப் படிக்கத் தெரியுமா என்ற பரீட்சை! முதலில் படிக்கவிடாமல் தடுத்தது சட்டம், பிறகு படிக்கத் தெரியாது என்று தள்ளியதும் சட்டம். 1965-ல்தான் அது பெரும்பாலும் ஒழிந்தது.

ஆனால் வெள்ளைக்காரனிடம் புலே கைகட்டி நின்றதில்லை. 1882-ல் ஹண்டர் கல்விக் கமிஷன் முன்னால், ஏழை விவசாயி கட்டும் வரியில் மேல்சாதிப் பிள்ளைகளுக்கு உயர்கல்வி நடக்கிறது, முதலில் கிராமத்தில் எல்லாப் பிள்ளைக்கும் ஆரம்பக் கல்வியைக் கட்டாயமாக்கு என்று வாதாடினார். 1888-ல் விக்டோரியா ராணியின் மகன் கன்னாட் கோமகனுக்குப் புனேயில் ஒரு விருந்து. வைரமும் பட்டுமாக எல்லாரும் வந்திருந்தார்கள். புலே ஏழை விவசாயியின் உடையில் போய் உட்கார்ந்தார். இங்கே பளபளப்பவர்களைப் பார்த்து இந்தியாவை எடை போடாதே, உண்மையான குடிமக்கள் கிராமத்தில் கந்தலோடு இருக்கிறார்கள், அவர்களுக்குக் கல்வி கொடுக்கச் சொல்லி உன் தாயிடம் சொல் என்று பேசிவிட்டு வந்தார். அந்த வருஷம்தான் பம்பாயில் மக்கள் அவருக்கு மகாத்மா என்று பட்டம் கொடுத்தார்கள்.

கொஞ்ச நாளில் பக்கவாதம் தாக்கி வலது கை விழுந்துவிட்டது. இடது கையால் எழுதிப் பழகிக் கடைசிப் புத்தகத்தை முடித்தார். 1890 நவம்பர் 28-ல் காலமானார். தத்துப் பிள்ளை கொள்ளி வைக்கக் கூடாது என்று உறவினர்கள் தகராறு செய்தபோது, சாவித்திரிபாயே முன்னால் வந்து தீச்சட்டி ஏந்தி நடந்து சிதைக்குத் தீ மூட்டினார். 1897-ல் பிளேக் நோயாளிகளுக்குப் பணிவிடை செய்து, அந்த நோய் தொற்றி அவரும் இறந்தார்.

புலே புத்தகத்தில் மட்டுமே பார்த்த அமெரிக்காவுக்கு, அதே மராட்டிய மண்ணின் மகார் குடும்பத்துப் பிள்ளை ஒருவர் 1913-ல் கப்பலேறி, நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் போய்ச் சேர்ந்தார். பெயர் பீமராவ் அம்பேத்கர். 1946-ல் வெளியான ‘சூத்திரர்கள் யார்?’ என்ற தன் ஆராய்ச்சி நூலை அவர் காணிக்கையாக்கியது ஜோதிராவ் புலேக்கு.