முடியப்பனைப் படம் பிடித்தவர்

மூலக்கொத்தளம், இராயபுரம், காசிமேடு பக்கம் வளர்ந்தவர்களுக்கு இப்படி ஓர் ஆளைத் தெரிந்திருக்கும். வீடு இல்லை, நிலையான தொழில் இல்லை. ஆனால் அவர் தொட்டால் காய்ச்சல் இறங்கும் என்பார் ஒருவர். சுத்த ஏமாற்று என்பார் இன்னொருவர். கேரளக் கடற்கரையின் அப்படிப்பட்ட ஒருவரைப் பற்றி 1980இல் 'எஸ்தப்பான்' என்ற படத்தை எடுத்தவர் ஜி. அரவிந்தன். எஸ்தப்பான் என்றால் நம் வழக்கில் முடியப்பன்.

அரவிந்தன் 1935ஆம் ஆண்டு சனவரி 21 அன்று கோட்டயத்தில் இந்துக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை நகைச்சுவை எழுத்தாளர். மகனுக்கோ ரப்பர் வாரியத்தில் உத்தியோகம். 1961 முதல் பல ஆண்டுகள் மாத்ருபூமி வார இதழில் கேலிச்சித்திரத் தொடர் வரைந்தார். நாடகம் போட்டார். இந்துஸ்தானி இசையில் தோய்ந்தவர். பிறர் படங்களுக்கு இசையும் அமைத்தார். திரைப்படக் கல்லூரி வாசலை மிதிக்காமலேயே 1974இல் 'உத்தராயணம்' எடுத்தார்.

1977இல் வந்த 'காஞ்சன சீதா' இராமாயணத்தின் பிற்பகுதிக் கதை. ஆந்திரக் காட்டில் வாழும் பழங்குடியினரை இராமனாகவும் இலக்குவனாகவும் நடிக்க வைத்தார். சீதை ஆளாக வரவே மாட்டார். இலை அசைந்தால், மழை பெய்தால், கோதாவரி ஓடினால் அதுதான் சீதை. சிலருக்கு இது பொறுக்கவில்லை. ஆனால் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது அவருக்கே கிடைத்தது.

எஸ்தப்பானாக நடித்தவர் ஓவியர் ராஜன் காக்கநாடன். அவர் கடல்மேல் நடந்தார், தாமே பணம் அச்சடித்தார் என்று ஊரார் ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். ஒன்றுக்கொன்று ஒத்துப்போகாது. எது உண்மை என்று அரவிந்தன் தீர்ப்பு எழுதவில்லை. கேலிச்சித்திரக்காரர் ஒருவர் மீனவர் விசுவாசத்தைக் கிண்டல் செய்யாமல் விட்டது எனக்கு இன்றும் வியப்புதான்.

இருந்தாலும் நான் அடிக்கடி நினைப்பது 1985இல் வந்த 'சிதம்பரம்' படத்தை. மலைப் பண்ணையில் வேலை செய்யும் தமிழர் முனியாண்டி. அவர் மனைவி சிவகாமியோடு அதிகாரி சங்கரன் தவறிழைக்க, முனியாண்டி தூக்கில் தொங்குகிறார். யாரும் சங்கரனைத் தண்டிக்கவில்லை. குடித்தும் அலைந்தும் பார்க்கிறார், மனம் ஆறவில்லை. கடைசியில் சிதம்பரம் கோவிலுக்கு வருகிறார். வாசலில் செருப்பைப் பார்த்துக்கொள்ளும் பெண்ணுக்குக் காசு கொடுக்கக் குனிகிறார். அவள் நிமிர்கிறாள். சிவகாமி. அந்த முகத்தைப் பார்த்தபின் அவர் உள்ளே போய் என்ன வேண்டுவார்? படம் சொல்லவில்லை.

அதே 1985இல் ஜே. கிருஷ்ணமூர்த்தியைப் பற்றி ஓர் ஆவணப்படமும் எடுத்தார். 1990இல் பத்மஸ்ரீ. மறு ஆண்டு மார்ச் 15 அன்று, 56 வயதில், திருவனந்தபுரத்தில் இறந்தார். கிராமத்துக் குழந்தைகளோடு ஆடிப்பாடும் பூச்சாண்டியைப் பற்றிய அவருடைய 'கும்மாட்டி' படம் 2021இல் புதுப்பிக்கப்பட்டது. குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்கலாம்.