தந்தை விரும்பிய டாக்டர்

அமெரிக்காவில் 1862-ம் ஆண்டு பிறந்தவர் எலிசபெத் ராபின்ஸ். மகளை டாக்டர் ஆக்கவேண்டும் என்பது தந்தையின் ஆசை. மகளோ 18 வயதில் வீட்டைவிட்டுப் போய் நாடக நடிகை ஆனார்.

நடிகர் ஒருவரை மணந்தார். 1887-ல் கணவர் ஆற்றில் மூழ்கி உயிரை மாய்த்துக்கொண்டார். மறு ஆண்டு எலிசபெத் லண்டன் சென்றார். அங்கேயே குடியேறினார்.

நாடகக் கொட்டகைகள் ஆண்களின் கையில் இருந்தன. பெண்களுக்கு நல்ல வேடம் கிடைப்பது அரிது. எலிசபெத் சும்மா இருக்கவில்லை. மரியன் லீ என்ற நடிகையுடன் சேர்ந்து, 1891-ல் இப்சனின் "ஹெட்டா கேப்ளர்" நாடகத்தைத் தாமே அரங்கேற்றினார். கதாநாயகியும் அவரே! புகழ் குவிந்தது.

"சி. இ. ரேமண்ட்" என்ற புனைபெயரில் நாவல்களும் எழுதினார். 1898-ல் குட்டு வெளிப்பட்டது. தங்கம் தேடி அலாஸ்கா போன தம்பியைக் காண, 1900-ல் அந்தப் பனி நாட்டுக்குப் போனார். விஷஜுரம் கண்டு பிழைத்தார். அந்தப் பயணம் 1904-ல் நாவலாக மலர்ந்தது.

பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டு நாடகம் எழுதினார். அது 1907-ல் மேடை ஏறியது.

பின்னர், ஆக்டேவியா வில்பர்போர்ஸ் என்ற இளம்பெண் டாக்டருக்குப் படிக்க விரும்பினார். வீட்டார் எதிர்த்தனர். எலிசபெத் துணை நின்றார். அந்தப் பெண் டாக்டர் ஆனார்.

முதுமையில் எலிசபெத்தைக் கவனித்துக்கொண்டவர் அந்த டாக்டர்தான். 1952-ல், 89-வது வயதில் எலிசபெத் காலமானார்.