கணக்கேட்டில் வன்முறையைத் தேடியவர்

வன்முறை பற்றிய கல்விப்புல விவாதங்களில் மூன்று பெயர்கள் தவறாமல் இடம்பெறும். காலனி ஆட்சியின் வன்முறையையும் அதை எதிர்த்தெழும் வன்முறையையும் ஆராய்ந்த பிரான்ஸ் ஃபனானின் நூல் 1961-ல் வந்தது. ஓங்கும் கை எதுவும் இல்லாமலேயே சமூக அமைப்பு மனிதரைச் சிதைக்க முடியும் என்று யொஹான் கால்டுங் 1969-ல் எழுதினார். அதிகாரம் வேறு, வன்முறை வேறு என்று ஹன்னா அரென்ட் 1970-ல் வாதிட்டார். இவர்களுக்கு முன்பே, ஜபல்பூர் சிறையில் இருந்தபடி, சந்தையில் விற்கும் பொருளின் விலைக்குள் வன்முறை எப்படி மறைந்திருக்கிறது என்று எழுதியவர் ஒரு தமிழர். ஜே.சி.குமரப்பாவுக்குக் காந்தியப் பொருளியல் அறிஞர் என்று பெயர் சூட்டி, ஆண்டுக்கு ஒரு முறை மாலையிட்டு நகர்ந்துவிடுகிறோம். என் பார்வையில் அவர் முதன்மையாக வன்முறையை ஆராய்ந்தவர்.

1892 ஜனவரி 4 அன்று தஞ்சாவூரில் ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தபோது அவருக்கு இட்ட பெயர் ஜோசப் செல்லதுரை கொர்னேலியஸ். லண்டனில் கணக்குத் தணிக்கை பயின்று, பம்பாயில் தணிக்கை நிறுவனம் நடத்தியவர். உடையிலும் நடையிலும் முழு ஆங்கிலேயர். மேற்படிப்புக்காக 1927-ல் அமெரிக்கா சென்றார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் செலிக்மனிடம் பொதுநிதி பயின்றபோது, இந்தியாவின் வறுமைக்கும் ஆங்கில அரசின் வரவு செலவுக்கும் உள்ள உறவே அவரது ஆய்வுப் பொருளாயிற்று. பேரரசின் கணக்கைத் தணிக்கையாளரின் கண்ணால் படித்ததும் அவர் கொர்னேலியஸாக நீடிக்கவில்லை. குடும்பத்தின் பழைய பெயரான குமரப்பாவுக்குத் திரும்பினார்.

அந்த ஆய்வேட்டை வெளியிடும் நோக்கில்தான் 1929 மே மாதம் சபர்மதியில் காந்தியைச் சந்தித்தார். மரத்தடியில் அமர்ந்து ராட்டை சுற்றிக்கொண்டிருந்த கிழவர்தான் தான் காண வந்தவர் என்பது சற்று நேரம் கழித்தே அவருக்கு விளங்கியது. ஆய்வேடு ‘யங் இந்தியா’ இதழில் தொடராக வந்தது. காந்தி அவரைக் கேடா மாவட்டத்தின் மாத்தர் வட்டத்துக்கு அனுப்பினார். குஜராத் வித்யாபீட மாணவர்களுடன் ஊர் ஊராகச் சென்று, உழவர் குடும்பங்களின் வரவையும் செலவையும் எழுதினார். சாகுபடிச் செலவு போக மிச்சமே இல்லாத நிலத்திலிருந்தும் அரசு தீர்வை வாங்குகிறது என்பதை அந்த எண்கள் காட்டின. தடியடியோ துப்பாக்கிச் சூடோ நடக்காத ஊர்களில் உயிர்கள் மெல்லத் தேய்ந்துகொண்டிருந்தன.

அவருடைய கணக்குக் கண்டிப்புக்கு 1934 பீகார் நிலநடுக்கம் சாட்சி. நிவாரண நிதியின் கணக்கு அவர் பொறுப்பில் இருந்தது. காந்தியும் உடன் வந்தவர்களும் பாட்னாவில் தங்கியபோது, அந்தச் செலவை நிவாரணப் பணத்திலிருந்து தர முடியாது என்று சொல்லிவிட்டார். காந்தி அதை ஏற்றுக்கொண்டார். பொதுப்பணத்தில் தலைவர்களை உபசரிக்கும் இன்றைய வழக்கத்தை நினைத்தால் இது கட்டுக்கதை போலத் தோன்றும்.

அதே ஆண்டு இறுதியில் அகில இந்தியக் கிராமத் தொழில்கள் சங்கம் உருவாயிற்று. வார்தாவின் மகன்வாடியில் குமரப்பா அதன் பொறுப்பேற்றார். கைக்குத்தல் அரிசி, செக்கு எண்ணெய், கைக்காகிதம், தேனீ வளர்ப்பு என்று அங்கு நடந்தவற்றைப் பழமைப் பற்று என்று பலர் ஒதுக்கினர். அவர் வாதமோ பழமை பற்றியது அல்ல. லங்காஷயர் ஆலைக்குப் பஞ்சு தொலைவிலிருந்து வர வேண்டும். நெய்த துணிக்குத் தொலைவில் சந்தை வேண்டும். பஞ்சு விளையும் நாடும் துணி வாங்கும் நாடும் கைக்குள் இருக்க வேண்டும். கடல்வழியைக் காக்கக் கப்பற்படை வேண்டும். அந்தப் படையின் செலவு துணியின் விலையில் ஏறுவதில்லை. யாரோ வரியாகக் கட்டுகிறார்கள், யாரோ உயிரைக் கொடுக்கிறார்கள். அந்தச் செலவையும் சேர்த்தால் ஆலைத்துணி மலிவானது அல்ல என்பதே அவர் கண்ட கணக்கு. அப்படி வந்த பொருளை அறிந்து வாங்குபவருக்கும் அந்த வன்முறையில் பங்கு உண்டு என்றார்.

போர்க்கால நிதிக் கொள்கையை விமர்சித்ததும் 1942 இயக்கமும் அவரை மீண்டும் சிறைக்கு அனுப்பின. அங்கு எழுதியதுதான் நிலைத்த பொருளாதாரம் பற்றிய நூல்; காந்தி 1945-ல் முன்னுரை தந்தார். இரையைக் கொன்று தின்னும் புலி, நடாத மரத்தின் கனியைப் பறிக்கும் குரங்கு, தன் உழைப்பில் கூடு கட்டும் பறவை, கூட்டத்துக்காகத் தேன் சேர்க்கும் தேனீ, குஞ்சுக்கு ஊட்டும் தாய்ப்பறவை என்று ஐந்து வகைப் பொருளாதாரத்தை அதில் வரிசைப்படுத்தினார். எல்லாவற்றையும் வன்முறை என்று அழைத்தால் அந்தச் சொல்லே மழுங்கிவிடும் என்ற ஆட்சேபம் கால்டுங்குக்கு எதிராகப் பின்னாளில் எழுந்தது. குமரப்பாவை அது அவ்வளவாகத் தொடாது. அவர் அமைப்பு என்று பொதுவாகச் சுட்டி நிறுத்தவில்லை. எந்தப் பொருள், எந்த வழி, யார் இழப்பில் என்று பற்று வரவு எழுதினார்.

கோவை கணபதியில் பவுண்டரிகளுக்கும் லேத் பட்டறைகளுக்கும் நடுவே வாழும் எனக்கு அந்தப் பற்று வரவு அந்நியமானதல்ல. பைகாரா மின்சாரம் 1930-களில் வந்ததிலிருந்து இந்த ஊர் ஆலைகளால் வளர்ந்தது. குமரப்பாவின் நூல் வந்து ஓராண்டு நிறைவதற்குள், சின்னியம்பாளையத்து ஆலைத் தொழிலாளர்கள் நால்வர் 1946 ஜனவரி 8 அன்று கோவைச் சிறையில் தூக்கிலிடப்பட்டனர். ஆலையின் அடியாள் ஒருவர் கொல்லப்பட்ட வழக்கு அது. அந்தக் கொலை நீதிமன்றத்தின் ஏட்டில் ஏறியது. அதற்கு முன் ஆலைப் பெண்கள் அனுபவித்த கொடுமைகள் எந்த ஏட்டிலும் ஏறவில்லை. நொய்யலின் கணக்கும் இதே ரகம்தான். பாசனத்துக்காகக் கட்டிய ஒரத்துப்பாளையம் அணையில் திருப்பூரின் சாயக்கழிவு தேங்கி, கீழ்ப்பகுதி வயல்களும் கிணறுகளும் பாழாயின. சாய ஆலைகளை மூட 2011 ஜனவரியில் உயர் நீதிமன்றம் உத்தரவிடும்வரை, ஏற்றுமதியான பனியனின் விலையில் அந்த உழவர்களின் இழப்பு சேர்க்கப்படவே இல்லை.

ஆனால், குமரப்பாவோடு எனக்கு ஒரு பெரிய வழக்கு உண்டு. தொலைவிலிருந்து வரும் வன்முறையைத் துல்லியமாகக் கண்டவர், கிராமத்துக்குள் தெருவுக்குத் தெரு குடியிருந்த வன்முறைக்கு அதே கூர்மையைக் காட்டவில்லை. அருகில் உற்பத்தி, அருகில் நுகர்வு என்றால் சுரண்டல் கண்ணுக்குத் தெரிந்துவிடும், தெரிந்தால் மனசாட்சி தடுக்கும் என்பது அவர் நம்பிக்கை. கிராமத்தைப் பற்றி அம்பேத்கர் அரசியல் நிர்ணய சபையில் 1948-ல் முன்வைத்த கடுமையான மதிப்பீடு அந்த நம்பிக்கைக்கு நேரெதிர். கீழவெண்மணியில் 1968 டிசம்பர் 25 அன்று 44 பேரைக் குடிசைக்குள் வைத்து எரித்தவர்களுக்கு, செத்தவர்கள் முகமறியாதவர்கள் அல்லர்; அவர்கள் விளைவித்த நெல்லை உண்டவர்கள்தாம். அது கூலிப் பிரச்சினையும்தான், சாதியும்தான். 2016-ல் உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில், பலர் பார்க்க, சாதி மறுத்து மணந்த இளைஞர் ஒருவர் வெட்டிக் கொல்லப்பட்டார். அங்கும் தொலைவு காரணமில்லை. நெருக்கம் மனசாட்சியை எழுப்பும் என்று கருதியவரின் கணக்கில் சாதிக்கு உரிய பத்தி காலியாகவே இருக்கிறது.

நிலம் பற்றி அவர் பேசாமல் இல்லை. காங்கிரஸ் அமைத்த வேளாண் சீர்திருத்தக் குழுவுக்குத் தலைமை ஏற்று 1949-ல் அளித்த அறிக்கையில், உழுபவருக்கே நிலம் சேர வேண்டும், இடைத்தரகர் கூடாது என்று பரிந்துரைத்தார். ஆட்சியில் இருந்தவர்கள் அவருடைய நண்பர்கள். அறிக்கையோ பெரும்பாலும் அலமாரியில் உறங்கியது. சீனாவுக்கும் சோவியத் நாட்டுக்கும் சென்று, சீன நிலச் சீர்திருத்தத்தைப் பாராட்டித் திரும்பியபோது காந்தியர்களே அவரை ஐயத்தோடு பார்த்தனர்.

உடல்நலம் குன்றிய நிலையில் மதுரை மாவட்டம் தே.கல்லுப்பட்டியில் காந்தி நிகேதனில் தங்கினார். அவர் அறைச் சுவரில் ஓர் ஏழைக் குடியானவரின் படம் தொங்கியது. காந்தி தன் ஆசான், இவர் அந்த ஆசானுக்கும் ஆசான் என்று வருவோரிடம் அறிமுகப்படுத்துவாராம். 1960-ல் சென்னையில் அவர் மறைந்தார். அன்று ஜனவரி 30.