சுவர்களை முதலில் எழுப்பியவர்: ஓவியர் ஆல்மா தாமஸின் வாழ்வு

1972 ஏப்ரலில் நியூயார்க் நகரின் விட்னி அருங்காட்சியகத்தில் ஆல்மா தாமஸின் ஓவியக் கண்காட்சி திறக்கப்பட்டது. அங்குத் தனிக் கண்காட்சி நடத்தும் வாய்ப்பைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர். அப்போது அவருக்கு வயது 80. அவரைப் பற்றிய குறிப்புகள் பலவும் இந்த இடத்திலிருந்தே தொடங்குகின்றன. முதுமையில் மலர்ந்த திறமை என்று வியந்து கடந்துவிடுகின்றன. இந்த வியப்பு, அதற்கு முந்தைய அரை நூற்றாண்டு உழைப்பை மறைத்துவிடுகிறது. தம் ஓவியத்துக்கு ஓர் இடம் கிடைப்பதற்கு நெடுங்காலம் முன்பே, பிறருடைய ஓவியங்களுக்கு இடம் அமைத்துக்கொடுத்தவர் ஆல்மா.

அவர் 1891 செப்டம்பர் 22 அன்று ஜார்ஜியா மாநிலத்தின் கொலம்பஸ் நகரில், நான்கு மகள்களுள் மூத்தவராகப் பிறந்தார். தந்தை வணிகர், தாய் ஆடை வடிவமைப்பாளர். ஓரளவு வசதியான குடும்பம்தான். ஆனால் நிறவெறியின் முன் அந்த வசதி பயன்படவில்லை. ஊர் நூலகம் கறுப்பினத்தவருக்குத் திறக்கப்படவில்லை. அவர்களின் பிள்ளைகள் படிக்க உயர்நிலைப் பள்ளியும் இல்லை. 1906இல் அட்லாண்டா நகரில் வெள்ளையர் கும்பல்கள் கறுப்பின மக்களைத் தாக்கிக் கொன்றன. மறு ஆண்டே ஆல்மாவின் குடும்பம் தலைநகர் வாஷிங்டனுக்குக் குடிபெயர்ந்தது. அங்கு 15ஆம் தெருவில் வாங்கிய வீட்டிலேயே, 1978இல் இறக்கும்வரை எழுபது ஆண்டுகள் அவர் வாழ்ந்தார்.

வாஷிங்டனிலும் பள்ளிகள் நிறத்தின் பெயரால் பிரிக்கப்பட்டே இருந்தன. எனினும் கறுப்பின மாணவர்களுக்கு அங்கு உயர்நிலைப் பள்ளிகளும் ஹோவர்ட் பல்கலைக்கழகமும் இருந்தன. கட்டடக் கலைஞராக வேண்டும் என்பது இளம் ஆல்மாவின் விருப்பம். ஒரு பெண்ணுக்கு அந்த வழி திறந்திருக்கவில்லை. ஆசிரியப் பயிற்சி பெற்று, சில ஆண்டுகள் டெலவேர் மாநிலத்தில் சிறார்க்குக் கற்பித்தார். 1921இல் மனையியல் பயில ஹோவர்டில் சேர்ந்தார். அங்கு நுண்கலைத் துறையைத் தோற்றுவித்த பேராசிரியர் ஜேம்ஸ் ஹெரிங் அவரைத் தம் துறைக்கு அழைத்துக்கொண்டார். 1924இல் அத்துறையின் முதல் பட்டதாரியாக ஆல்மா வெளிவந்தார். பத்து ஆண்டுகள் கழித்துக் கொலம்பியா பல்கலைக்கழகத்தின் ஆசிரியர் கல்லூரியில் முதுகலைப் பட்டம் பெற்றார். அண்ணல் அம்பேத்கர் 1913 முதல் 1916 வரை பயின்ற அதே பல்கலைக்கழகம் அது.

1924இல் ஷா இடைநிலைப் பள்ளியில் ஓவிய ஆசிரியராகச் சேர்ந்தவர், 1960இல் ஓய்வுபெறும்வரை அங்கேயே பணியாற்றினார். அந்தப் பள்ளியின் நிலையை ஒரு வழக்கு நமக்குச் சொல்கிறது. 1950 செப்டம்பரில் 11 கறுப்பின மாணவர்கள், வெள்ளையருக்கெனப் புதிதாகக் கட்டப்பட்ட சூசா பள்ளிக்குச் சென்று தங்களைச் சேர்த்துக்கொள்ளுமாறு கேட்டனர். வகுப்பறைகள் காலியாக இருந்தும் அனுமதி மறுக்கப்பட்டது. அவர்களுள் ஒருவரான ஸ்பாட்ஸ்வுட் போலிங்குக்கு வாய்த்த பள்ளி, ஆல்மா பணியாற்றிய ஷா. பழைய, வசதியற்ற அக்கட்டடத்தின் அறிவியல் ஆய்வகத்தில் ஒரு புன்சன் எரிப்பானும் ஒரு தங்கமீன் தொட்டியுமே இருந்தன. அம்மாணவர்கள் தொடுத்த போலிங் எதிர் ஷார்ப் வழக்கில் 1954 மே 17 அன்று தீர்ப்பு வந்தது. தலைநகர் ஒரு மாநிலம் அல்லாததால், 14ஆம் திருத்தத்தின் சமப் பாதுகாப்பு உறுப்பை அங்குப் பயன்படுத்த இயலவில்லை. எனவே 5ஆம் திருத்தத்தின் உரிய சட்ட நெறி என்னும் கோட்பாட்டின் வழியாக உச்ச நீதிமன்றம் பள்ளிப் பிரிவினையை அரசமைப்புக்கு முரணானது என அறிவித்தது. சட்டக் கல்லூரி மாணவர்கள் இத்தீர்ப்பை அறிவர். அந்தப் பள்ளிக்குள் ஓர் ஆசிரியை செய்துகொண்டிருந்த பணி அத்தனை அறியப்படவில்லை.

தீர்ப்புக்காக ஆல்மா காத்திருக்கவில்லை. தேசிய நாடக அரங்கில் கறுப்பினப் பார்வையாளர்களுக்கு இடம் கிடையாது. அவர் குழந்தைகளுக்காகப் பொம்மலாட்டங்களை நடத்தினார். 1936இல் பள்ளிக் கலைக் கழகத் திட்டம் ஒன்றை உருவாக்கினார். 1938இல் ஹோவர்ட் பல்கலைக்கழகத்திலிருந்து ஓவியங்களைப் பெற்று, வாஷிங்டன் அரசுப் பள்ளிகளின் முதல் கலைக்கூடத்தைத் தம் பள்ளியில் அமைத்தார். ஆய்வகக் கருவி இல்லாத பள்ளியின் பிள்ளைகள், தம் மக்கள் தீட்டிய ஓவியங்களை அன்றாடம் பார்த்து வளர்ந்தனர்.

நகரத்தின் பெரிய கலைக்கூடங்களோ கறுப்பினக் கலைஞர்களை வாசலிலேயே நிறுத்தின. ஆல்மாவின் தோழியும் ஹோவர்ட் ஆசிரியருமான லோயிஸ் மைலூ ஜோன்ஸ், 1941இல் கார்கரன் கலைக்கூடப் போட்டிக்குத் தம் ஓவியத்தை ஒரு வெள்ளைத் தோழியின் கையில் கொடுத்தனுப்ப வேண்டியிருந்தது. அந்த ஓவியம் பரிசும் வென்றது. இத்தகைய நகரத்தில், 1943இல் ஹெரிங்கும் அலோன்சோ ஏடனும் தாம் வசித்த வீட்டிலேயே பார்னெட் - ஏடன் கலைக்கூடத்தைத் தொடங்கினர். கறுப்பினத்தவர் சொந்தமாக நடத்திய முதல் கலைக்கூடங்களுள் ஒன்றான அதன் துணைத் தலைவராக ஆல்மா பொறுப்பேற்றார். கறுப்பினக் கலைஞர்களின் படைப்புகளும் வெள்ளையரின் படைப்புகளும் அங்கு அருகருகே தொங்கின. ஓர் ஆசிரியையின் ஊதியத்தில் வாழ்ந்த பெண், கலைப் புரவலர் என்னும் சொல்லுக்கு வேறொரு பொருளைத் தந்தார். செல்வர்களின் கொடை வரும் எனக் காத்திராமல் ஒரு சமூகம் தன் கலையைத் தானே தாங்கிக்கொண்டதன் வரலாறு இது.

பள்ளிப் பணியினூடே மாலை வகுப்புகளில் ஓவியம் பயின்றுவந்தவர், ஓய்வுக்குப் பிறகே முழுநேரமும் தூரிகை பிடித்தார். 1963இல் தம் 71ஆம் வயதில் வாஷிங்டன் பேரணியில் கலந்துகொண்டு, அக்காட்சியைப் பின்னர் ஓவியமாக்கினார். மூட்டுவாதம் அவரை முடக்க முயன்றது. 1966இல் ஹோவர்ட் பல்கலைக்கழகம் அவருடைய படைப்புகளுக்குக் கண்காட்சி நடத்த முன்வந்தபோது, அதுவரை செய்யாத ஒன்றைச் செய்ய விரும்பினார். வீட்டுச் சன்னல் வழியே தெரிந்த மரத்தின் இலைகளினூடே விழுந்த ஒளியிலிருந்து புதிய பாணி பிறந்தது: சிறுசிறு வண்ணத் தீற்றல்கள் வட்டங்களாகவும் நிரல்களாகவும் அடுக்கப்பட்ட அரூப ஓவியங்கள். தனி ஓவியக்கூடம் அவருக்கு இல்லை. திரைச்சீலையை மடியில் தாங்கி, வீட்டுக்குள் அமர்ந்தே தீட்டினார். மலர்த் தோட்டங்களும் அப்பல்லோ விண்கலங்களும் அவருடைய கருப்பொருள்களாயின.

அக்காலத்தில் கறுப்பினக் கலை இயக்கம், கலை விடுதலைப் போராட்டத்துக்கு நேரடியாகப் பணியாற்ற வேண்டும் என்று வலியுறுத்தியது. அரூப ஓவியர்கள் கடும் விமர்சனத்துக்கு உள்ளாயினர். அந்த விமர்சனத்தில் நியாயம் உண்டு. விட்னியின் கதவுகள் தாமாகத் திறந்துவிடவில்லை. கறுப்பினக் கலைஞர்கள் 1969 முதல் அதன்மீது தொடர்ந்து அழுத்தம் கொடுத்தனர். 1971இல் அங்கு நடந்த கறுப்பினக் கலைஞர் கண்காட்சியைப் பொறுப்பேற்று நடத்தக் கறுப்பின வல்லுநர் எவரும் அமர்த்தப்படாததைக் கண்டித்துப் பலர் தம் படைப்புகளை விலக்கிக்கொண்டனர். அப்போராட்டம் உருவாக்கிய சூழலில்தான் ஆல்மாவின் கண்காட்சி சாத்தியமாயிற்று. அதே 1972இல், தோழியின் ஓவியம் வேறொருவர் கையில் நுழைந்த கார்கரன் கலைக்கூடமும் அவருக்குக் கண்காட்சி நடத்தியது.

ஆயினும் ஒடுக்கப்பட்டவர் தம் காயத்தை மட்டுமே வரைய வேண்டும் என்று விதிப்பதும் மற்றொரு எல்லைக்கோடு. வானத்தையும் பூக்களையும் நிலவையும் பிறருக்கு விட்டுக்கொடுக்க ஆல்மா இசையவில்லை. தலித் ஓவியர்களிடமும் எழுத்தாளர்களிடமும் வலியை மட்டுமே எதிர்பார்த்து, பிறவற்றைக் கண்டுகொள்ளாத நம் கலை உலகுக்கும் இது பொருந்தும். அழகைப் படைக்கும் உரிமை, உரிமைகளின் பட்டியலில் கடைசியில் சேர்க்கவேண்டிய ஒன்றன்று.

2015இல் அவருடைய 1966ஆம் ஆண்டு ஓவியமான ‘உயிர்த்தெழுதல்’ வெள்ளை மாளிகையின் நிரந்தரச் சேகரிப்பில் இணைந்தது. அதில் இடம்பெற்ற முதல் கறுப்பினப் பெண் ஓவியர் ஆல்மா. அந்தப் பெருமையைக் கொண்டாடும் மாணவர்கள், 1938இல் ஒரு வறிய பள்ளியில் அவர் அமைத்த சிறு கலைக்கூடத்தையும் நினைவில் கொள்ள வேண்டும். அத்தகைய கூடம் ஒன்றை நம் விடுதியிலோ கல்லூரியிலோ தொடங்குவதற்கு எவருடைய அழைப்பும் தேவையில்லை.