பார்வை மங்கிய ஓவியர், பூந்தோட்டங்களின் ஆசான் ஆனது எப்படி? – கெர்ட்ரூட் ஜீகிலின் கதை

இங்கிலாந்தில் செப்டம்பர் வந்தால் கோடை முடிந்து இலைகள் பழுக்கத் தொடங்கும். தோட்ட வேலைக்கு மூட்டை கட்ட வேண்டிய நேரம்னுதான் தோணும். ஆனா அடுத்த வருஷப் பூவுக்கான விதையைப் பலர் தூவுறது அப்பதான். அப்படித் தூவப்படும் நீலப்பூ ஒன்றின் பெயர் ‘மிஸ் ஜீகில்’.

யார் இந்த ஜீகில்?

1843-ல் லண்டனில் பிறந்தவர் கெர்ட்ரூட் ஜீகில். ஓவியம் படித்தார், பூத்தையல், வெள்ளி வேலை, மர வேலை என எதையும் விட்டுவைக்கவில்லை. ஆனால் கிட்டப்பார்வைக் கோளாறு முற்றிக்கொண்டே போனது. 1891-ல் ஜெர்மனியில் கண் மருத்துவர் ஒருவரைப் பார்த்தார். நுணுக்கமான வேலைகளை விட்டுவிடச் சொன்னார் அவர். அப்போது ஜீகிலுக்கு வயது 47. ஒரு ஓவியருக்கு இதைவிடப் பெரிய இடி ஏது?

தூரிகை போனது, நிறம் போகவில்லை

சர்ரே பகுதியில் மன்ஸ்டெட் வுட் என்ற சுமார் 15 ஏக்கர் நிலம் அவரிடம் இருந்தது. அதுவே அவருக்குத் திரைச்சீலை ஆனது. சுற்றுவட்டாரக் கிராமத்து உழைப்பாளிகள் குடிசை வாசலில் வளர்த்த எளிய பூக்களையும் அவர் உன்னிப்பாகக் கவனித்தார். நிறங்களைத் திட்டுத் திட்டாக, ஒன்றோடொன்று கலந்து போகும்படி நட்டார். இளம் கட்டடக் கலைஞர் எட்வின் லட்யன்ஸுடன் சேர்ந்து பல தோட்டங்களை உருவாக்கினார். அதே லட்யன்ஸ்தான் பின்னாளில் புது டெல்லியை வடிவமைத்தவர். ஜீகில் திட்டம் வரைந்த தோட்டங்கள் சுமார் 400.

அந்த நீலப்பூ எது?

நைஜெல்லா. நம்ம கருஞ்சீரகத்துக்கு ஒன்றுவிட்ட சொந்தம்! ஆண்டுக்காண்டு சிறந்த செடியில் மட்டும் விதை எடுத்து, அந்த வானநீல அடுக்குப்பூவைத் தேர்ந்தெடுத்தார் ஜீகில். இதற்குப் பல ஆண்டுகள் பிடித்தன.

இலையுதிர் காலத்தில் ஏன் விதைக்கணும்?

மண்ணில் கோடைச் சூடு மிச்சம் இருக்கும், மழை ஈரமும் சேரும். விதை சட்டுனு முளைக்கும். குளிர்காலம் முழுக்க நாற்று தரையோடு ஒட்டிக் கிடக்கும். வேர் மட்டும் கீழே இறங்கும். அதனால் வசந்தத்தில் விதைத்ததைவிடச் செடி பலமாக வளர்ந்து, பூவும் முந்திக்கொள்ளும். நைஜெல்லா, பாப்பி, கார்ன்ஃபிளவர் எல்லாம் இந்த வகைதான். நைஜெல்லாவைப் பிடுங்கி நட்டால் சுணங்கிவிடும். பூக்க வேண்டிய இடத்திலேயே விதையைத் தூவுவது நல்லது.

1932 டிசம்பரில் ஜீகில் காலமானார். அவர் வகுத்த தோட்டங்களில் பல அழிந்துபோயின. ஒரே வருஷம் வாழ்ந்து மடியும் அந்த நீலப்பூ மட்டும் விதை உதிர்த்து, மறுபடி மறுபடி முளைச்சுக்கிட்டே இருக்கு.