வலப்புற ஓரத்து வீரர்: நிக்கொலாய் ஸ்தாரொஸ்தினின் வாழ்க்கை

உதைபந்தாட்டக் களத்தில் ஓரத்து வீரரின் இடம் தனியானது. நடுவில் நிற்பவர் பலரோடு மோதுகின்றார். பலருடைய துணையையும் பெறுகின்றார். ஓரத்தில் ஓடுபவருக்கோ ஒரு பக்கத்தில் எதிரி, மறுபக்கத்தில் வெள்ளைக் கோடு. அக்கோட்டைப் பந்து தாண்டிவிட்டால் அவருடைய முயற்சி அத்துடன் முடிந்தது. அந்த ஒடுங்கிய இடத்திலே பந்தைக் காத்து முன்னேறி, நடுவில் நிற்கும் தோழனுக்கு அதனை அளித்தல் அவர் கடமை. கோலை அடித்துப் புகழ்பெறுபவர் பெரும்பாலும் மற்றொருவரே.

மொஸ்கோ நகரத்து நிக்கொலாய் பெத்ரோவிச் ஸ்தாரொஸ்தின் களத்தில் வகித்த இடம் இந்த வலப்புற ஓரமே. ஆட்டத்தை விட்டு விலகிய பின்னரும் அவர் வாழ்வு அத்தகைய ஒடுங்கிய இடத்திலேயே நெடுங்காலம் நடந்தது. ஒரு பக்கத்தில் நாட்டின் இரகசியப் பொலிஸ் தலைவன். மறுபக்கத்தில் தாண்டக் கூடாத சட்டக் கோடு. இவற்றினிடையே தொண்ணூற்று மூன்று வயது வரை வாழ்ந்து, தாம் அமைத்த கழகத்தையும் வாழவைத்த அவருடைய வரலாறு, விளையாட்டில் விருப்பமில்லாதாரும் அறியத்தக்கது.

வேட்டைக்காரர் மகன்

1902 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதத்தில் நிக்கொலாய் பிறந்தார். அவருடைய முன்னோர் பரம்பரை வேட்டைக்காரர். செல்வரும் பிரபுக்களும் வேட்டைக்குச் செல்லும்போது நாய்களைப் பழக்கி, வழிகாட்டி அழைத்துச் செல்வது அவர்கள் தொழில். தந்தையாரும் அத்தொழிலையே புரிந்து, மொஸ்கோவின் பிரெஸ்னியாப் பகுதியில் குடும்பத்தோடு வாழ்ந்தார். பிரெஸ்னியா தொழிலாளர் நிறைந்த பகுதி. 1905 ஆம் ஆண்டுப் புரட்சியிலே பெயர் பெற்றது. நிக்கொலாய்க்குப் பின் அலெக்சாந்தர், அந்திரேய், பியோத்தர் என மூன்று தம்பியரும் இரு தங்கையரும் பிறந்தனர். நால்வர் சகோதரரும் தெருவிலும் வெறுநிலங்களிலும் பந்துதைத்தே வளர்ந்தனர்.

புரட்சியும் உள்நாட்டுப் போரும் வந்தன. 1920 ஆம் ஆண்டிலே தந்தையார் நச்சுக்காய்ச்சலால் மாண்டார். பதினெட்டு வயது நிக்கொலாயின் தோளில் குடும்பப் பாரம் முழுவதும் இறங்கிற்று. கோடையில் உதைபந்தாட்டம், மாரியில் பனித்தளத்திலே சிறு பந்துகொண்டு ஆடும் ருஷ்ய ஹொக்கி ஆகிய இரண்டையும் ஆடி அவர் குடும்பத்தைக் காத்தார். விளையாட்டு அவருக்குப் பொழுதுபோக்காக அன்றி, அடுப்பெரிக்கும் தொழிலாகவே தொடங்கிற்று என்பதை நாம் மனத்திற் கொள்ளவேண்டும்.

1922 ஆம் ஆண்டிலே பிரெஸ்னியா இளைஞர் தமக்கென ஒரு கழகத்தை அமைத்தனர். நிக்கொலாய் அதன் தூணாக விளங்கினார். பந்தை வீணாக வைத்து விளையாடிக் காட்டுவது அவர் வழக்கமன்று. வலப்புற ஓரத்திலே நேராகவும் விரைவாகவும் ஓடி, எதிரியின் எல்லைக்குட் புகுவதே அவர் முறை. மொஸ்கோ நகரக் குழுவுக்கும், பின்னர் சோவியத் நாட்டுக் குழுவுக்கும் அவர் தலைவரானார். 1934 இல் விளையாட்டு வீரருக்கென நாடு ஏற்படுத்திய மிகவுயர்ந்த பட்டத்தை முதன்முதலிற் பெற்றவர்களுள் அவரும் ஒருவர்.

கழகத்திற்கு ஒரு பெயர்

அக்காலத்துச் சோவியத் நாட்டிலே கழகம் என்றால் அதன் பின்னால் ஓர் அரச நிறுவனம் நிற்கவேண்டும். டினமோ என்னும் சங்கம் இரகசியப் பொலிசைச் சார்ந்தது. படைக்கும் ஒரு குழு இருந்தது. பிரெஸ்னியாக் கழகத்துக்கோ அத்தகைய வலிய கை எதுவும் இல்லை. உணவுத் தொழிலாளர் சங்கத்தின் ஆதரவிலும், பின்னர்ச் சிறு கைத்தொழிற் கூட்டுறவுச் சங்கங்களின் ஆதரவிலும் அது பெயரை மாற்றி மாற்றிப் பிழைத்தது. இவற்றையெல்லாம் ஒழுங்கு செய்தவர் நிக்கொலாய். கணக்கும் வாணிகமும் கற்றிருந்த அவருக்குக் காரியம் முடிக்கும் திறமை இயல்பாகவே அமைந்திருந்தது.

1935 ஆம் ஆண்டிலே, கொம்சொமோல் என்னும் கம்யூனிஸ்ட் இளைஞர் சங்கத்தின் தலைவர் அலெக்சாந்தர் கோசரெவ் துணைநிற்க, கூட்டுறவுத் தொழிலாளருக்கென ஒரு பெரிய விளையாட்டுச் சங்கம் உருவாயிற்று. அதற்குப் பெயர் வேண்டியிருந்தது. நெடுநேரம் ஆலோசித்தும் ஒன்றும் அமையாதபோது, இத்தாலிய ஆசிரியர் ஜொவஞ்ஞோலி எழுதிய ஸ்பார்த்தக்கஸ் என்னும் நாவல் நிக்கொலாயின் கண்ணிற் பட்டதாம். உரோமக் குடியரசை எதிர்த்தெழுந்த அடிமை வீரனின் பெயர் அவ்வாறே ஒரு கழகத்தின் பெயராயிற்று. அன்று முதல் ஸ்பார்த்தாக் என்பது பொலிசுக்கோ படைக்கோ உட்படாத எளிய மக்களின் கழகம் என மொஸ்கோவாசிகள் கருதலாயினர். அந்தக் கருத்து முற்றிலும் உண்மையன்று. அரசின் துணையின்றி எந்தக் கழகமும் அங்கு வாழ்ந்திருக்க முடியாது. எனினும் மக்கள் அவ்வாறு நம்பினர். அந்நம்பிக்கையே கழகத்துக்கு வலிமையாயிற்று. அதனை அமைத்தவருக்கு வினையுமாயிற்று.

செஞ்சதுக்கத்துக் கம்பளம்

1936 ஆம் ஆண்டு உடற்பயிற்சி விழாவில், மொஸ்கோவின் செஞ்சதுக்கத்திலே ஸ்டாலின் முன்னிலையில் உதைபந்தாட்டம் ஒன்றை ஆடிக்காட்ட வேண்டுமெனக் கோசரெவ் விரும்பினார். கருங்கல் பாவிய சதுக்கத்தில் எவ்வாறு ஆடுவது? ஸ்பார்த்தாக் வீரர்கள் இரவிரவாக உழைத்துப் பிரமாண்டமான பச்சைக் கம்பளம் ஒன்றைத் தைத்து முடித்தனர். விழா நாளில் அதனைச் சதுக்கத்திலே விரித்து, தம் முதற்குழுவையும் இரண்டாங் குழுவையும் எதிரெதிரே நிறுத்தினர். பந்து கிரெம்ளின் மதிலிலோ, அதனினும் கொடுமையாக மேடையிலோ படுமோ என அனைவரும் அஞ்சினர். ஸ்டாலின் சலிப்படைந்தால் ஆட்டத்தை உடனே நிறுத்துவதற்காகக் கோசரெவ் கையில் வெள்ளைக் கைக்குட்டையோடு அருகில் நின்றார். அரைமணி நேரத்துக்கென ஒழுங்கு செய்த ஆட்டம் நாற்பத்து மூன்று நிமிடம் நடந்தது. கைக்குட்டை அசையவில்லை.

அவ்வாண்டிலேயே நாடளாவிய சுற்றுப்போட்டி தொடங்கியது. வசந்தகாலப் போட்டியை டினமோவும், இலையுதிர்காலப் போட்டியை ஸ்பார்த்தாக்கும் வென்றன. 1937 இல், உள்நாட்டுப் போரில் துன்புற்ற தம் மக்களுக்காக நாடு நாடாகச் சென்று ஆடிவந்த பாஸ்க் குழுவினர் சோவியத் நாட்டிலே கண்ட ஒரே தோல்வி ஸ்பார்த்தாக்கின் கையில், இரண்டுக்கு ஆறு என்ற கணக்கிலே நேர்ந்தது. 1938, 1939 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் சுற்றுப்போட்டியும் வெற்றிக் கிண்ணமும் ஒருங்கே ஸ்பார்த்தாக்கைச் சேர்ந்தன. நிக்கொலாய் அப்போது ஆட்டத்தை விட்டுக் கழகத்தை நடத்துபவராக இருந்தார்.

இருமுறை ஆடிய ஆட்டம்

1938 ஆம் ஆண்டின் இறுதியிலே லவ்ரெந்தி பெரியா இரகசியப் பொலிசின் தலைவரானார். அவர் ஜோர்ஜிய நாட்டவர்; இளமையிலே உதைபந்தாடியவர்; டினமோ கழகங்களின் மேல் பெரும் பற்றுடையவர். 1920களில் ஜோர்ஜியாவில் அவருக்கெதிராகத் தாம் ஆடியதாகவும், அவருடைய ஆட்டம் முரட்டுத்தனமானதென்றும் நிக்கொலாய் பிற்காலத்தில் எழுதியுள்ளார்.

1939 ஆம் ஆண்டுக் கிண்ணப் போட்டியின் அரையிறுதி ஆட்டத்தில் திபிலிசி டினமோவை ஸ்பார்த்தாக் ஒரு கோலால் வென்றது. பின்னர் இறுதி ஆட்டத்திலும் லெனின்கிராட் குழுவொன்றை வென்று கிண்ணத்தைப் பெற்றது. அதன் பின்னரே, அரையிறுதியில் விழுந்த கோல் செல்லாதென முறையிட்டு, அந்த ஆட்டத்தை மீண்டும் ஆடுமாறு மேலிடத்து உத்தரவு வந்தது. இறுதி ஆட்டம் முடிந்த பின் அரையிறுதியை ஆடிய விந்தையை வேறெங்கும் காண்பது அரிது. அந்த ஆட்டத்தையும் ஸ்பார்த்தாக் இரண்டுக்கு மூன்று என்ற கணக்கில் வென்றது. முதலாட்டத்தின் மத்தியஸ்தரோ தொழிலையே இழந்தார். பார்வையாளரிடையே இருந்த பெரியா சினத்தோடு எழுந்து சென்றார் என்பர். ஸ்பார்த்தாக்கின் துணைவராயிருந்த கோசரெவை அவ்வாண்டு பெப்ரவரியிலேயே சுட்டுக் கொன்றிருந்தனர். காப்பதற்கு ஒருவரும் இல்லாத நிலையிலே பெற்ற வெற்றி அது.

பெயர் காத்த உயிர்

1942 மார்ச் மாதத்து இரவொன்றிலே நிக்கொலாயைக் கைதுசெய்தனர். தம்பியர் மூவரும் அவ்வாறே பிடிபட்டனர். லூபியங்காச் சிறையிலே விசாரணை ஏறக்குறைய இரண்டாண்டு நீடித்தது. ஸ்டாலினைக் கொல்லச் சதிசெய்தார் என்பது முதலிற் சுமத்திய குற்றம். அது நிலைக்கவில்லை. முதலாளித்துவ நாடுகளின் விளையாட்டைப் புகழ்ந்தார் என்ற குற்றத்துக்காகப் பத்தாண்டுத் தண்டனை விதித்தனர். பணத்தையும் பொருளையும் பற்றிய குற்றச்சாட்டுகளும் வழக்கிலே இருந்தன எனப் பிற்கால ஆய்வாளர் காட்டியுள்ளனர். நிக்கொலாயின் நினைவு நூல் அவற்றைப் பெரிதாகப் பேசுவதில்லை. ஒருவரின் வரலாற்றை அவர் வாயாலேயே கேட்கும்போது இத்தகைய மௌனங்களையும் கவனித்தல் நம் கடன்.

இதன் பின்னர் நிகழ்ந்ததே இவ்வரலாற்றின் விந்தையான பகுதி. வடக்கே பனிப்பிரதேசத்திலுள்ள ஊக்தா முகாமுக்கு அவரை அனுப்பினர். அங்கே கைதிகள் மரம் வெட்டியும் சுரங்கம் தோண்டியும் பசியாலும் குளிராலும் மாண்டுகொண்டிருந்தனர். ஆனால் ஸ்தாரொஸ்தின் என்ற பெயர் அவருக்கு முன்பே அங்கு சென்றிருந்தது. முகாமின் தலைவனுக்கு உதைபந்தாட்டத்திலே பெருவிருப்பம். அவன் நடத்திய குழுவுக்குப் பயிற்சியாளராக நிக்கொலாயை அமர்த்தினான். அக்குழுவின் பெயர் டினமோ! எந்தச் சங்கத்தின் பகையால் சிறை புகுந்தாரோ, அதே சங்கத்தின் பெயரைத் தாங்கிய குழுவைப் பயிற்றி அவர் உயிர்காத்தார். பின்னர்த் தூரகிழக்கிலே ஆமூர் ஆற்றங்கரையிலுள்ள கொம்சொமொல்ஸ்க் நகருக்கு மாற்றினர். அங்கும் அவ்வாறே ஒரு டினமோ அவருக்காகக் காத்திருந்தது. ஒரு முகாமின் தலைவன் தன்னிடமுள்ள பயிற்சியாளரை மற்றவனுக்குக் கொடுக்க மனமின்றித் தயங்குவான். கொலைஞரும் கள்வருங்கூட மாலையில் அவரைச் சூழ்ந்திருந்து பழைய ஆட்டங்களின் கதைகளைக் கேட்டனர். அவர்மேல் யாரும் கைவைக்கவில்லை.

நாட்டின் ஒரு கோடியில் தம்பி அந்திரேய் நொரில்ஸ்க்கிலே இருந்தார். மற்றிருவரும் வேறு முகாம்களில் இருந்தனர். நால்வரும் உயிர்பிழைத்தனர். பந்தை அறியாத பல இலட்சம் பேருக்கு அந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. இதனை நிக்கொலாய் நன்கு உணர்ந்திருந்தார். தம்மைக் காத்தது தமது குற்றமின்மையன்று, மக்கள் விளையாட்டின்மேல் வைத்த காதலே என்பதை அவர் நூலும் புலப்படுத்துகின்றது.

சர்வாதிகாரியின் மகன்

1948 ஆம் ஆண்டிலே தூரகிழக்கிலிருந்த அவருக்கு மொஸ்கோவிலிருந்து தொலைபேசி அழைப்பு வந்தது. அழைத்தவர் ஸ்டாலினின் மகன் வசீலி. விமானப்படையின் விளையாட்டுக் குழுக்களை வளர்த்துவந்த அவர், நிக்கொலாயைப் பயிற்சியாளராக்க விரும்பி மொஸ்கோவுக்கு வரவழைத்தார். ஆனால் தண்டனை பெற்றவர் தலைநகரில் வாழச் சட்டம் இடந்தரவில்லை. இருபத்து நான்கு மணி நேரத்துள் நகரை விட்டு நீங்குமாறு பெரியாவின் ஆட்கள் கட்டளையிட்டனர். வசீலி அதனை மதியாமல் நிக்கொலாயைத் தமது மாளிகையிலேயே வைத்துக்கொண்டார். எங்கே சென்றாலும் இருவரும் ஒன்றாகவே செல்வர். இரவிலும் ஒரே படுக்கை. வசீலியின் தலையணையின் கீழே துப்பாக்கி. கைதியாயிருந்தபோதாவது தனிமையிலே உறங்க முடிந்தது. விடுதலையிலே அதுவும் இல்லை.

சொந்த நகருக்கு வந்தும் மனைவி மக்களோடு வாழ இயலாத ஏக்கம் மிஞ்ச, ஓரிரவு யன்னல் வழியே வெளியேறி வீட்டுக்குச் சென்றார். விடியுமுன்னே பொலிசார் அங்கு வந்துவிட்டனர். தெற்கே மய்கோப்புக்கு இரயிலேற்றினர். வழியிலே வசீலியின் ஆட்கள் அவரை இறக்கி விமானத்தில் மீண்டும் கொணர்ந்தனர். வல்லவர் இருவரின் பந்தாகத் தாம் ஆகிவிட்டதை உணர்ந்த நிக்கொலாய், தலைநகரை விட்டுச் செல்ல விடுமாறு தாமே வேண்டிக்கொண்டார். பின்னர் உலியானொவ்ஸ்க்கிலும், கசாக்ஸ்தானின் அக்மொலின்ஸ்க், அல்மா-அத்தா நகரங்களிலும் நாடறியாத சிறு குழுக்களைப் பயிற்றிக் காலங்கழித்தார். பெருங்குழுவின் தலைவராய் வாழ்ந்தவர் இளைஞர் சிலரோடு புழுதி நிலத்திலே பந்தடித்து நின்றார். அவ்வேலையையும் அவர் குறைவாக எண்ணிச் செய்ததாகத் தெரியவில்லை.

மீட்சி

1953 மார்ச்சில் ஸ்டாலின் இறந்தார். அவ்வாண்டின் இறுதியில் பெரியாவைச் சுட்டுக் கொன்றனர். ஸ்தாரொஸ்தின் சகோதரரின் தண்டனையும் நீங்கிற்று. 1955 இல் நிக்கொலாய் ஸ்பார்த்தாக்கின் தலைவராக மீண்டும் அமர்ந்தார். அடுத்த ஆண்டு மெல்பேர்ண் ஒலிம்பிக் போட்டியிலே தங்கப்பதக்கம் வென்ற சோவியத் குழுவிற் பெரும்பாலார் ஸ்பார்த்தாக் வீரர். 1956, 1958, 1962, 1969 ஆகிய ஆண்டுகளில் கழகம் நாட்டின் முதலிடத்தைப் பெற்றது.

1976 இல் ஒரு பேரிடி. அவர் சிறிது காலம் விலகியிருந்த அவ்வாண்டிலே ஸ்பார்த்தாக் முதற்பிரிவிலிருந்து கீழ்ப்பிரிவுக்கு இறங்கிற்று. எழுபத்தைந்து வயது முதியவர் திரும்பி வந்தார். பயிற்சியாளராக வந்த கொன்ஸ்தந்தீன் பெஸ்கோவோ முன்னாளில் டினமோவின் சிறந்த வீரர். பழம்பகையை எண்ணாது இருவரும் சேர்ந்துழைத்தனர். 1977 இல் கீழ்ப்பிரிவில் முதலிடம். 1979 இல் நாட்டிலேயே முதலிடம்!

1989 இல் அவருடைய நினைவு நூல் வெளிவந்தது. 1990 இல் சோவியத் அரசு சோசலிச உழைப்பு வீரர் என்னும் பட்டத்தை அவருக்கு அளித்தது. அவரைச் சிறையிலிட்ட அரசும், சிறப்பித்த அரசும் ஒன்றே. அடுத்த ஆண்டிலே அவ்வரசு மறைந்தது; அவர் இருந்தார். 1996 பெப்ரவரி 17 ஆம் நாள் காலமானார். மொஸ்கோவின் வகன்கொவோ மயானத்தில் அவரை அடக்கம் செய்தனர். 2014 இல் திறந்த ஸ்பார்த்தாக்கின் புதிய அரங்கிலே நான்கு சகோதரரின் சிலை நிற்கின்றது.

அவர் குற்றமே அறியாத மகானல்லர். அதிகாரத்தில் இருந்தோரின் நட்பைத் தேடினார். காரியம் முடிக்கும் வழிகளை அறிந்திருந்தார். அக்காலத்தில் ஒரு கழகத்தைக் காக்க வேறு வழியும் இருக்கவில்லை. ஆயினும் துன்பம் வந்தபோது தாம் கற்ற கலையை அவர் கைவிடவில்லை. சிறைமுகாமின் பனியிலும், கசாக்ஸ்தானத்துப் புழுதியிலும், தலைநகரின் பேரரங்கிலும் ஒரே கவனத்தோடு பயிற்சியளித்தார். ஓரத்து வீரருக்கு உரிய இடம் ஒடுங்கியதுதான். அந்த இடத்துக்குள்ளே நின்றுகொண்டே அவர் பந்தைப் பிறருக்கு அளித்துச் சென்றார்.